பாதியில் விட்ட மருந்துப் பெயர்

எங்கள் ஊரில் வீக்கத்துக்கு மாத்திரை கொடுப்பதில்லை. மாத்திரையின் பெயரைச் சொல்வோம். அட்டையில் கொட்டை எழுத்தில் போட்டிருக்கிற பெயர் இல்லை; அது கடைக்காரர்களுக்கானது. பெட்டிக்குள் எட்டாக மடித்து ஒரு தாள் வைத்திருப்பார்களே, அதில் பொடி எழுத்தில் கிடக்கிற முழுப்பெயர். மாத்திரை என்பது பெயர் வருகிற உறை மட்டும்தான். பெயரைச் சொல்லி முடித்ததும் உறையைக் கடையில் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும்.

ஸ்டேஷன் ரோட்டு மருந்துக்கடையில் பெயர் சொல்கிறவனாக நான் இருபத்தேழு வருஷம் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருந்தேன். பெயர் இதுதான்: இரண்டு, இரண்டு, இரண்டு-ஆறு, டைகுளோரோ, அனிலினோ, பீனைல், அசிட்டிக் ஆசிட். எழுதினால் ஒன்றும் ஆகாது. ஆனால் வீட்டில் இப்போது அடுப்பில் பூரி இருந்தால் வாய்விட்டு வாசிக்காதீர்கள். பூரி அமுங்கிப்போகும்.

இந்தப் பெயருக்குப் பொருள் உண்டு. இரண்டு, இரண்டு என்பது கதவைத் தட்டுவது. இரண்டு-ஆறு என்பது உள்ளே எந்தெந்த மூலையில் வீக்கம் உட்கார்ந்திருக்கிறது என்று இடம் சொல்வது. டைகுளோரோ என்றால் இளம்பச்சை, இரண்டு தடவை. அனிலினோ அவுரியிலிருந்து வந்த சொல், நீலம். பீனைல் என்றால் வெளிச்சம். அசிட்டிக் ஆசிட் புளிப்பு. சேர்த்துச் சொன்னால், 'கதவைத் தட்டிவிட்டேன், நீ இருக்கிற மூலை எனக்குத் தெரியும், பச்சை காட்டியாயிற்று, நீலம் மங்கட்டும், வெளிச்சம் பிடிக்கிறேன், புளித்துப் போயிற்று, எழுந்திரு' என்று ஆகும். வீக்கம் மரியாதை தெரிந்த ஒன்று. முழுதாகச் சொன்னால் எழுந்து போய்விடும்.

மூட்டுக்கு மட்டும் என்றில்லை. ஐப்பசி மழையில் உப்பிப்போய்ச் சாத்தாமல் நிற்கிற கதவுக்குச் சொல்வோம். நனைந்து தடித்த ரேஷன் கார்டுக்குச் சொல்வோம். தேர்தலில் ஜெயித்தவர்களுக்குச் சொல்லக் கூடாது என்று ஒரு தடை உத்தரவு இருக்கிறது. இட்லிக் கொப்பரை இருக்கும் இடத்திலிருந்து முப்பது அடி தள்ளித்தான் சொல்ல வேண்டும். கடைக்கு எதிரே லூர்தம்மாள் டீயும் பூரியும் போட்டுக்கொண்டிருந்தாள். அவள் பத்து மணிக்குப் பூரிச் சட்டியை இறக்கி வைத்து, "அண்ணாச்சி, இனி வாயைத் தொறக்கலாம்" என்று குரல் கொடுத்த பிறகுதான் நான் வேலையைத் தொடங்குவேன்.

இரண்டு விதிகள் முக்கியம். ஒன்று, பெயரின் ஒவ்வொரு துண்டுக்கும் வீக்கத்துக்குச் சொந்தக்காரர் 'ம்' கொட்ட வேண்டும், கதைக்குக் கொட்டுவதுபோல. 'ம்' இல்லாமல் சொன்ன பெயர் சுவரில் சொன்னது மாதிரி. இரண்டு, தொடங்கியவன் முடிக்க வேண்டும். பாதியில் விட்டால் சொன்னவன் வாயிலேயே மிச்சம் தங்கும். வேறு ஆள் வந்து முடித்து வைக்க முடியாது. வீக்கத்துக்குக் குரல் தெரியும்.

இரண்டையும் நான் அறிவேன். அறிந்துதான் செய்தேன். இத்தனை வருஷம் கழித்து அதை வேறுமாதிரி சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

தவசிக்கனி எங்கள் ஸ்டேஷனில் கொடி காட்டிக்கொண்டிருந்தவன். ஓய்வு பெற்ற பிறகும் பச்சைக் கொடியைச் சுருட்டிக் கம்போடு கையில் வைத்திருப்பான். தினமும் சாயங்காலம் லூர்தம்மாள் கடை பெஞ்சில் நான் கதை சொல்வேன், அவன் 'ம்' கொட்டுவான். எங்கள் சிநேகிதம் அவ்வளவுதான். அதில் வேறு ஒன்றும் இல்லை, குறையும் இல்லை. 'ம்' கொட்டுவதில் அவனை மிஞ்ச ஆள் கிடையாது. நீளமாக ஒன்று, குட்டையாக ஒன்று, நம்பாதபோது மூக்கு வழியாக ஒன்று. அந்த மூக்கு 'ம்'முக்காகவே நான் சில கதைகளை இழுத்துச் சொல்லியிருக்கிறேன்.

அந்த ஞாயிற்றுக்கிழமை கொல்லத்தில் கடலுக்கு இஸ்திரி போட்ட ஆளைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தேன். கரிப்பெட்டியை நன்றாகக் கனலவிட்டு, கரையிலிருந்து தொடங்கி, அலை அலையாக மடித்துக்கொண்டே போகிறார். மூன்றாவது மடிப்பில் தவசிக்கனி 'ம்' கொட்டுவதை நிறுத்திவிட்டான்.

"என்னவே, சத்தத்தைக் காணோம்?" என்றேன்.

"வாய் வலிக்குவே" என்றான். "முப்பது வருசமா ஒம்ம கதைக்கு ம் கொட்டிக் கொட்டியே என் வாய் தேஞ்சு போச்சு. கடலை இஸ்திரி போட்டாராம்லா? அப்ப உள்ள இருந்த மீனு என்ன செஞ்சுது, பட்டனை அவுத்து வச்சிட்டு ஒதுங்கி நின்னுச்சோ?"

பெஞ்சில் இருந்தவர்கள் எல்லோரும் சிரித்தார்கள். லூர்தம்மாள் வடிகட்டியைக் கையில் பிடித்துக்கொண்டே சிரித்ததில் டீ பாதி தரையில் போயிற்று. நானும் சிரித்தேன். அந்தச் சிரிப்பு என் முகத்திலேயே ஒட்டவில்லை. கடலில் இன்னும் ஏழு மடிப்பு பாக்கி இருந்தது. அவற்றை எடுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டேன்.

மறுநாள் திங்கள். பத்து மணிக்கு லூர்தம்மாள் சட்டியை இறக்கியதும் தவசிக்கனி கடைக்கு வந்தான். கொடிக்கம்பை ஊன்றிக்கொண்டு, வலது காலை இழுத்தபடி. வேட்டியை விலக்கிக் காட்டினான். மூட்டு ஒரு சின்னப் பரங்கிக்காய் அளவுக்கு இருந்தது.

"சுருக்கச் சொல்லி முடியும்வே. புதன்கிழமை மேம்பாலம் ஏறணும்" என்றான்.

சட்டைப் பையிலிருந்து ஒரு கடிதத்தை எடுத்து நீட்டினான். அவன் மகள் சுகிர்தா எழுதியது. அவள் தன் இஷ்டப்படி கல்யாணம் செய்துகொண்டு போய்ப் பதினோரு வருஷம். கல்யாணத்துக்கு இவன் போகவில்லை. அதன் பிறகு அவள் பேசவில்லை. கடிதத்தில் நான்கே வரி. 'எங்களுக்கு குவாஹாட்டிக்கு மாற்றல். புதன்கிழமை 10.40 எக்ஸ்பிரஸில் போகிறோம். எஸ்-6. நம் ஊரில் இரண்டாவது நடைமேடையில் ஒரு நிமிடம் நிற்குமே, வந்தால் பார்க்கலாம்.'

இரண்டாவது நடைமேடைக்குப் போக மேம்பாலம்தான் வழி. ஏற முப்பத்தெட்டுப் படி, இறங்க முப்பத்தெட்டுப் படி, இருபக்கமும் நடுவில் திரும்புகிற இடத்தில் ஒரு தளம். தண்டவாளத்தைக் குறுக்கே தாண்டிவிடலாம். ஊரில் பாதிப் பேர் அப்படித்தான் போகிறார்கள். ஆனால் அப்படித் தாண்டுகிறவர்களை முப்பது வருஷம் விசில் ஊதி விரட்டியவன் தவசிக்கனி. அவன் தாண்ட மாட்டான் என்பது அவனுக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

பெயரைச் சொல்லத் தொடங்கினேன். இரண்டு, இரண்டு. "ம்" என்றான். இரண்டு-ஆறு. "ம்." டைகுளோரோ. "ம்." அனிலினோ. "ம்." பீனைல். "ம்." ஒவ்வொரு 'ம்'மும் நேற்று எனக்குக் கொடுக்காதது. மூட்டு கொஞ்சம் முன்னால் சாய்ந்து கேட்டுக்கொண்டிருந்தது. மேல்தோலில் பளபளப்பு குறையத் தொடங்கியிருந்தது.

அங்கே நிறுத்தினேன்.

"மிச்சம் நாளைக்கு" என்றேன். "சாயங்காலம் பெஞ்சுக்கு வாரும். கடல்ல ஏழு மடிப்பு பாக்கி இருக்கு. அதுக்கு ம் கொட்டி முடிச்சேர்னா, இதையும் முடிச்சுத் தாரேன்."

தவசிக்கனி என்னைப் பார்த்தான். கோபமாகக்கூட இல்லை. "பச்சையைக் காட்டிட்டு வண்டியை நிறுத்தி வைக்கக் கூடாதுவே" என்றான்.

"வாருமே சாயங்காலம்."

"கதைக்கு ம் கொட்ட மாட்டேன். மூட்டுக்குத்தான் கொட்டுவேன்" என்று சொல்லிவிட்டு, கொடிக்கம்பை ஊன்றிக்கொண்டு படியிறங்கினான். உறையைத் திருப்பிக் கொடுக்கவில்லை.

சாயங்காலம் அவன் வரவில்லை. நான் பெஞ்சில் ஆறு மணி வரைக்கும் உட்கார்ந்திருந்தேன். சரி, காலையில் நாமே போய்ச் சொல்லி முடித்துவிடலாம், அவனும் ஓர் இரவு புரண்டு படுத்து யோசிக்கட்டும் என்று நினைத்தேன். இப்படி நினைத்ததுதான். வேறு கெட்ட எண்ணம் இல்லை. இவ்வளவு சின்ன எண்ணத்துக்கு இவ்வளவு இடம் தேவைப்படும் என்று எனக்குத் தெரியவில்லை.

செவ்வாய் காலை காபியை வாயில் வைத்தேன், பால் திரிந்தது. மறுபடி வைத்தேன், மறுபடி திரிந்தது. பெயரில் மிச்சமிருந்தது புளிப்பு அல்லவா, அது இரவு முழுக்க வாயிலேயே கிடந்து முற்றியிருந்தது. வலது கன்னம் எலுமிச்சம்பழம் அளவுக்கு வீங்கி, தாடை பூட்டிக்கொண்டது. வாயைத் திறக்க முடிந்த இடைவெளியில் ஒரு நூல்தான் போகும். சொல் போகாது.

லூர்தம்மாள் என்னைப் பார்த்துவிட்டு, "நல்லா வேணும்" என்றாள். பிறகு ஒரு செம்புப் பாலைக் கொண்டுவந்து, "அண்ணாச்சி, உறைமோர் தீந்து போச்சு. இதுல ஒரு மூச்சு விடுங்க" என்றாள். விட்டேன். மதியத்துக்குள் தயிர் கட்டியாக உறைந்திருந்தது என்று சொன்னாள். சாயங்காலத்துக்குள் எட்டு வீட்டுக்காரர்கள் பாத்திரத்தோடு வந்துவிட்டார்கள். எல்லாருக்கும் விட்டேன். மறுக்க வாய் இல்லை.

தவசிக்கனி வீட்டுக்குப் போனேன். நாற்காலியில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தான். மூட்டு ஏறவும் இல்லை, இறங்கவும் இல்லை. முன்னால் சாய்ந்தபடி அப்படியே காத்திருந்தது. அவன் காலை மடக்கினால் மடங்கவில்லை, நீட்டினால் நீளவில்லை. மிச்சத்தைக் கேட்காமல் அது வேறு வேலை பார்ப்பதாக இல்லை.

ஒரு தாளில் 'அசிட்டிக் ஆசிட்' என்று எழுதி மூட்டுக்கு முன்னால் பிடித்தேன்.

"மூட்டுக்கு எங்கவே கண்ணு?" என்றான் தவசிக்கனி.

லூர்தம்மாள் வந்து தன் வாயால் சொல்லிப் பார்த்தாள். நன்றாகவே சொன்னாள். மூட்டு அவள் பக்கம் திரும்பவே இல்லை.

"விடும்மா, அது அவர் குரலுக்குக் காத்துக் கெடக்கு" என்றான் அவன். பிறகு என்னிடம், "ஒம்ம கதையை நான் கேட்டுத் தொலைச்சிருக்கலாம். ஏழு மடிப்புதானே" என்றான்.

அவன் அப்படிச் சொல்லியிருக்க வேண்டாம். என் கன்னம் இன்னும் கொஞ்சம் வீங்கியது.

புதன்கிழமை ஒன்பது மணிக்கே கிளம்பினோம். அவன் வெளுத்த சட்டை போட்டிருந்தான். ஒரு கையில் கொடி. மறு கை என் தோளில். நான் ஒரு துண்டால் தாடையைக் கட்டியிருந்தேன். படிகளில் ஒவ்வொன்றாக ஏறினோம். இடது கால் ஏறும், வலது காலை நான் இரண்டு கையாலும் தூக்கி வைப்பேன். பத்தொன்பதாவது படி ஏறியதும் தளம். அங்கே மூட்டு நின்றுவிட்டது. காலைத் தூக்கினேன், வரவில்லை. தரையில் ஆணி அடித்த மாதிரி. மணி பத்து இருபத்தைந்து.

நான் வாயைத் திறக்கப் பார்த்தேன். துண்டை அவிழ்த்துவிட்டு, இரண்டு விரலை விட்டு நெம்பினேன். வாய் ஓரம் கிழிந்தது. புளிப்பு மட்டும் வந்தது, சொல் வரவில்லை. அவன் 'ம்' சொல்லத் தயாராக என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தான். முப்பது வருஷத்தில் என் வாயை அவன் அப்படிப் பார்த்ததில்லை. எந்தக் கதைக்கும் பார்த்ததில்லை.

பத்து முப்பத்தெட்டுக்கு வண்டி வெளிச் சிக்னலைத் தாண்டும் சத்தம் கேட்டது.

"சரி, நீ இங்க நின்னு கேட்டுக்கிட்டே இரு" என்று தவசிக்கனி மூட்டிடம் சொன்னான். கால்மூட்டை மட்டும் அங்கேயே விட்டுவிட்டு ஏறினான். மூட்டில்லாத கால் லேசாக இருந்தது. இரண்டு இரண்டு படியாகப் போனான். ஆனால் பத்து நிமிஷத்துக்கு முன்னாலேயே விட்டிருக்க வேண்டும். அவன் பாலத்தின் நடுவுக்குப் போனபோது வண்டி வந்து நின்று, நின்ற நிமிஷமும் முடிந்திருந்தது.

நான் பின்னாலேயே ஏறிப் போனேன். கீழே எஸ்-6 பெட்டியின் ஒரு ஜன்னலிலிருந்து ஒரு கை நீண்டிருந்தது. கண்ணாடி வளையல் இரண்டு, ஒரு சின்ன டிபன் டப்பா. நடைமேடைப் பக்கம் இப்படியும் அப்படியும் திரும்பித் தேடிக்கொண்டிருந்தது. தவசிக்கனி பாலத்தின் மேலிருந்து கொடியை விரித்து ஆட்டினான். அது பச்சைக் கொடி. ஓட்டுநர் பார்த்தார். வண்டி கிளம்பியது.

கை எங்கள் காலுக்கு அடியில் போய், அந்தப் பக்கம் வெளியே வந்து, சிறிதாகி, வளைவில் திரும்பியது. அது கடைசி வரைக்கும் மேலே பார்க்கவில்லை.

தவசிக்கனி கொடியைச் சுருட்டினான். நிதானமாக, அரசாங்கத்துக்குத் திருப்பிக் கொடுக்கப்போகிறவன் மாதிரி, மடிப்புக் கலையாமல். இறங்கி வரும்போது தளத்தில் மூட்டைக் கூப்பிட்டான். அது வரவில்லை. அவன் இரண்டாம் முறை கூப்பிடவில்லை.

அன்று பகல் ஒரு மணிக்கெல்லாம் என் கன்னம் வடிந்துவிட்டது. தாடை தானாகத் திறந்தது. முதலில் வாயிலிருந்து வந்த வார்த்தை 'மன்னிச்சிரும்' என்பது. அப்போது கேட்க ஆள் இல்லை. கடையில் தராசு மட்டும் இருந்தது.

அடுத்த புதன்கிழமை அதே எக்ஸ்பிரஸில் தவசிக்கனி குவாஹாட்டிக்குப் போனான். நான் வழியனுப்பப் போகவில்லை. என்னைக் கூப்பிடவும் இல்லை. ஒரு மாதம் கழித்து அஞ்சலட்டை வந்தது. 'வந்து சேர்ந்தேன். இங்கே குளிர். மூட்டு இல்லாதது பெரிய குறையாகத் தெரியவில்லை. பிள்ளை பேசுகிறாள், கொஞ்சம் கொஞ்சமாக.' அட்டை லூர்தம்மாள் கடை விலாசத்துக்கு வந்திருந்தது. அவள் அதை எல்லோருக்கும் வாசித்துக் காட்டினாள். பிறகு என்னிடம் தந்தாள். விலாசத்துப் பக்கத்தையும் திருப்பிப் பார்த்தேன். என்னைப் பற்றி ஒரு வரி இல்லை.

"இடம் பத்தலையா இருக்கும் அண்ணாச்சி" என்றாள் லூர்தம்மாள்.

கீழே மூன்று விரல் அகலத்துக்கு வெற்றிடம் கிடந்தது.

மூட்டு தளத்திலேயே இருந்தது. நான் ஒருநாள் மேலே போய், அதன் பக்கத்தில் உட்கார்ந்து, சுத்தமாகத் தொண்டையைச் செருமிக்கொண்டு, 'அசிட்டிக் ஆசிட்' என்றேன். காத்திருந்தேன். 'ம்' வரவில்லை. மறுபடி சொன்னேன். மெதுவாக, கெஞ்சலாக, ஸ்டூலில் உட்கார்ந்து சொல்வது மாதிரி அதிகாரமாக, எல்லா விதத்திலும் சொல்லிப் பார்த்தேன். சாய்ந்தபடியே இருந்தது. எனக்கு வேறு என்ன செய்வதென்று தெரியவில்லை. சும்மா உட்கார்ந்திருக்க முடியாமல், கொல்லத்தில் அந்த இஸ்திரிக்காரர் நாலாவது அலையை மடித்ததைச் சொல்லத் தொடங்கினேன்.

மூட்டு "ம்" என்றது.

மூக்கு வழியாக வருகிற 'ம்'. எனக்கு நன்றாகத் தெரிந்த 'ம்'.

அன்று ஏழு மடிப்பையும் முடித்தேன். அதன் பிறகு தினமும் சாயங்காலம் போகிறேன். மருந்துக்கடை வேலையை விட்டுவிட்டேன். பாதியில் விட்டவன் சொன்னால் ஊரில் யாரும் நம்பிக் காலை நீட்டுவதில்லை. இப்போது கதவு உப்பினால் தச்சரைக் கூப்பிட்டு இழைப்புளி போடுகிறார்கள். நான் என்ன கதை சொன்னாலும் மூட்டு கேட்கிறது. எவ்வளவு இழுத்தாலும் கேட்கிறது. நடுநடுவே பெயரின் மிச்சத்தைச் சொருகிப் பார்ப்பேன். அதற்கு மட்டும் 'ம்' கிடையாது. நான் கேட்டதைத்தான் தவசிக்கனி எனக்குக் கொடுத்திருக்கிறான் என்று நினைத்துக்கொள்வேன்.

புதிதாக வந்த ஸ்டேஷன் மாஸ்டர் ஒழுங்கானவர். ஒருநாள் படியேறி வந்து பார்த்துவிட்டு, "பெரியவரே, உங்ககிட்ட நடைமேடைச் சீட்டு இருக்கு. இதுகிட்ட?" என்று கேட்டார். அன்றிலிருந்து மூட்டுக்கும் சேர்த்து எடுக்கிறேன். அதை மடித்துப் பக்கத்தில் வைப்பேன், காற்றில் பறக்காமல் மூட்டே பார்த்துக்கொள்கிறது.

புதன்கிழமை மட்டும் காலையில் போவேன். 10.40 எக்ஸ்பிரஸ் வரும், எஸ்-6 ஜன்னலிலிருந்து அந்தக் கை நீளும். சுகிர்தா குவாஹாட்டியில்தான் இருக்கிறாள், அப்பாவோடு கொஞ்சம் கொஞ்சமாகப் பேசிக்கொண்டு. ஆனால் கை அன்று கொடுக்க வந்ததைக் கொடுக்கவில்லை அல்லவா, அதனால் வாராவாரம் வந்துகொண்டிருக்கிறது. முதலில் சில மாதம் நான் பாலத்தில் நின்றே பார்த்தேன். பிறகு இறங்கிப்போய், "அவர் அங்கேயே வந்து சேந்துட்டார்ம்மா" என்று சொன்னேன். கைக்குக் காது ஏது. தேடிவிட்டுப் போய்விட்டது.

போன புதன்கிழமை நான் வாங்கிக்கொண்டேன். எனக்கு உரிமை இல்லைதான். மூட்டுக்கு உண்டு என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். டப்பாவை விட்டதும் விரல்கள் ஒருமுறை விரிந்து மூடின. வண்டி கிளம்பியபோது ஜன்னலில் கை இல்லை.

டப்பாவை எடுத்துக்கொண்டு தளத்துக்கு வந்தேன். இன்று எப்படியும் சொல்லிவிட வேண்டும், கதைக்கு நடுவில் சொருகாமல், நேராக, கேட்டாலும் கேட்காவிட்டாலும் சொல்லி முடித்துவிட்டு மன்னிப்பும் கேட்டுவிட வேண்டும் என்று தீர்மானமாக இருந்தேன். மூட்டுக்கு எதிரே உட்கார்ந்தேன். சீட்டை அதன் பக்கத்தில் வைத்தேன். டப்பாவைத் திறந்தேன்.

மூன்று பூரி. சுடச்சுட, உப்பி, மேல்தோல் மெல்லிசாக நின்றுகொண்டிருந்தன.

பெயரைச் சொல்ல வாயைத் திறந்தவன் மூடிக்கொண்டேன்.

மூட்டு "ம்" என்றது.